பூங்காவனம் பதில் சொல்லவில்லை

ஒடுகத்தூர்
10 பிப்ரவரி 2025

அன்பரசி அவர்களுக்கு,

வணக்கம். உறுதியாகத் தெரிந்ததை முதலில் எழுதிவிடுகிறேன். ஏப்ரல் 12, சனிக்கிழமை இரவு, ஆலங்கொல்லை மாரியம்மன் திருவிழாவில் என்னுடைய 'சுவர்த் தேதி' குறுநாவல் தெருக்கூத்தாக ஆடப்படும் என்று சுவரொட்டி ஒட்டப்பட்டிருக்கிறது. சொன்னவர் மலைப் பேருந்தின் நடத்துனர் பாண்டுரங்கன். ஜமுனாமரத்தூர்ச் சந்தைக்கு எதிரே ஒரு பெட்டிக்கடைச் சுவரில் பார்த்ததாகச் சொல்லி, செல்போனில் எடுத்த படத்தையும் காட்டினார். கதை என்ற இடத்தில் என் பெயர் இருக்கிறது. பூங்காவனம் வேஷம் என்ற இடத்தில் உங்கள் பெயர் இருக்கிறது. நான் எழுத்தில் இன்னும் அனுமதி தரவில்லை.

இதைப் போனில் கேட்டிருக்கலாம். ஆறு மாதமாக எனக்கு வலது காது மட்டும்தான், அதுவும் கருவியோடு. எதிரே இருப்பவர் பேசினால் கேட்கிறது. போனில் வரும் குரல் பாதியில் கரைந்துவிடுகிறது. நிருபராக வேலை பார்த்தவன் என்பதால், எழுத்தில் இருப்பது இரண்டு பக்கத்துக்கும் நல்லது என்றும் நினைக்கிறேன்.

பிப்ரவரி 2 அன்று உங்கள் ஊர் ஒத்திகையிலிருந்து நடுவில் எழுந்து வந்தது மரியாதையான செயல் அல்ல. அதற்கு வருந்துகிறேன். ஆனால் எழுந்ததற்குக் காரணம் உண்டு. திரைக்குக் கீழே உங்கள் பாதங்கள் மட்டும் தெரிந்தபோது, இவ்வளவு நாளில் யாருமே பூங்காவனத்தை இத்தனை சரியாக நிற்கவைத்ததில்லை என்று நினைத்தேன். கனத்தை ஒரு காலில் வைத்து, மறு காலால் மண்ணைத் தள்ளிக்கொண்டு நின்றீர்கள். அடுத்து நீங்கள் பாடினீர்கள்:

அறிவேன் அறிவேன் அவன் மனசை – என்
அடுப்புப் புகைபோல் அறிவேனே...

பாட்டு நன்றாக இருக்கிறது. ஆனால் பூங்காவனம் பாடக்கூடாது.

நாவல் உங்களுக்கு மனப்பாடம் என்று தெரியும். இருந்தாலும் என் பக்கத்தைச் சொல்ல இது தேவைப்படுகிறது. மலேரியா ஒழிப்புக்காக மலையில் வீடு வீடாக மருந்தடிக்கும் சம்பத்து, அடித்த தேதியை ஒவ்வொரு வீட்டுச் சுவரிலும் எழுதிவிட்டுப் போக வேண்டும். பூங்காவனத்தின் சுவரில் மட்டும் அவன் கையெழுத்து வரவர அழகாகிறது. அவன் காதல் அந்தத் தேதிகளில்தான் இருக்கிறது. வாயால் சொல்லவில்லை. அவளும் எதுவும் சொல்லவில்லை. கடைசியில் அவன் வேலை முடிந்து மலையிறங்கிவிடுகிறான். திருவிழாவுக்கு ஊரே சுவர் பூசுகிறது. அவள் சுவரில் அந்தத் தேதி மட்டும் பூசாமல் நிற்கிறது. அத்தோடு கதை முடிகிறது. அவன் காதல் அவளுக்குத் தெரியுமா என்று, புத்தகம் வந்த 1983இலிருந்து வாசகர்கள் கேட்கிறார்கள். நான் சொன்னதில்லை.

வானொலி நாடகமாக வந்தபோது, பூங்காவனமாக நடித்த அம்மையாருக்கு ஒரு வரிகூட வசனம் கிடையாது. ஈரமண்ணைக் கையால் சுவரில் இழுக்கும் சத்தம் மட்டும். அந்த ஒரு சத்தத்துக்காக அவர் நிலையத்துக்கு ஒரு வாளி செம்மண் கொண்டுவந்தார். அதைவிடச் சிறப்பாக யாரும் செய்துவிட முடியாது என்று நினைத்தேன். பிறகு வந்த தொலைக்காட்சிப் படத்தில் பூங்காவனம் மழையில் ஜீப்புக்குப் பின்னால் ஓடினாள். அதைப் பற்றி எழுத ஒன்றுமில்லை.

அந்தப் பாட்டை எடுத்துவிட்டால் அனுமதி தருகிறேன். உங்கள் பதிலுக்குக் காத்திருக்கிறேன். மாதக் கடைசிக்குள் வந்தால் நல்லது.

தேவராஜ்


ஆலங்கொல்லை
17 பிப்ரவரி 2025

மதிப்புக்குரிய தேவராஜ் சாருக்கு,

அன்பரசியின் வணக்கம். சுவரொட்டி எங்கள் தப்புதான். என் வீட்டுக்காரர் ரமேஷ் திருவிழா நோட்டீஸ் அடிக்கக் கொடுக்கப் போனார். அச்சகத்தில் கூத்துக்கும் சேர்த்து அடித்தால் குறைவாக ஆகும் என்றார்களாம். அடித்துக்கொண்டு வந்துவிட்டார். கோபத்தில் இரண்டு நாள் அவரோடு பேசவில்லை. சம்பத்தாக ஆடுவது அவர்தான், அதனால் ஒத்திகையில் மட்டும் பேசிக்கொண்டோம். அதாவது அவர் பேசினார், நான் உங்கள் புத்தகத்தில் இருப்பதுபோல் இருந்தேன்.

சார், 'சுவர்த் தேதி'யை நான் முதலில் படித்தது திருவண்ணாமலையில், ஆசிரியர் பயிற்சிக்காக விடுதியில் இருந்தபோது. அதற்கு முன்பு படித்த கதைகளில் மலை என்றால் மேகம் இருக்கும், அருவி இருக்கும், தேன் இருக்கும். உங்கள் கதையில்தான் எங்கள் வீட்டுச் சுவர் இருந்தது. சாமை புடைக்கும்போது உமி காதுக்குப் பின்னால் ஒட்டிக்கொள்வது இருந்தது. விடுதியில் நான்கு பேர் அதை வாசித்துவிட்டுச் சண்டை போட்டோம். மற்ற மூன்று பேரும் மலைக்குக் கீழே இருக்கும் கீழ்நாட்டுப் பெண்கள். அவளுக்குத் தெரியுமா தெரியாதா என்று கேட்டுக்கொண்டே இருந்தார்கள். எனக்கு அந்தக் கேள்வியே புரியவில்லை. திருவிழாவுக்குச் சுவர் பூசாத வீட்டில் சாமி கால் வைக்காது. சாவு விழுந்த வீடுதான் பூசாமல் நிற்கும். சோம்பலாலோ மறதியாலோ எங்கள் ஊரில் எந்தப் பெண்ணும் கை அகலச் சுவரைக்கூட விட்டுவைக்க மாட்டாள். அப்புறம் தெரியுமா என்று என்ன கேள்வி? அவளுக்குத் தெரியும். அதைத்தான் பாட்டாக்கினேன்.

பாட்டை எடுத்துவிடு என்று சுலபமாக எழுதிவிட்டீர்கள். எங்கள் கூத்துச் செட்டில் ஒரு சட்டம் உண்டு. ராஜாவோ சேவகனோ, திரைக்குப் பின்னால் நின்று தான் யார் என்று பாடிவிட்டுத்தான் ஆட்டக் களரிக்குள் கால் வைக்க வேண்டும். உங்கள் கடிதத்தை எங்கள் கூத்து வாத்தியார் கோபால்சாமியிடம் வாசித்துக் காட்டினேன். முழுக்கக் கேட்டுவிட்டு அவர் சொன்னது ஒன்றுதான்: "பேர் சொல்லாம உள்ள வர்றவன் திருடன். அவரு கதைல அவ திருடியா?"

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், மறைக்க ஒன்றுமில்லை. எங்கள் செட்டுக்கு இந்த வருஷம் ஆடி வரை தேதி கொடுத்தாகிவிட்டது. ஆட்டத்துக்குக் குறைவில்லை. ஆனால் வழக்கமாக ஆடும் புராணக் கதைகளில் பெண் வேஷம் முழுக்க ரங்கசாமி அண்ணன் கட்டுவார். அவர் சேலை கட்டி வந்தால் எங்களுக்கே பொறாமையாக இருக்கும். எனக்கென்று வாத்தியார் ஒத்துக்கொண்டது பூங்காவனம் ஒன்றுதான். 'சுவர்த் தேதி' இல்லையென்றால் அன்று இரவு பழைய ஆட்டம். நான் கீழே பாய்போட்டு உட்கார்ந்து பார்க்க வேண்டியதுதான்.

அன்பரசி


ஒடுகத்தூர்
24 பிப்ரவரி 2025

அன்பரசி அவர்களுக்கு,

உங்கள் கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. சுவரொட்டி விஷயத்தை விட்டுவிடுகிறேன்.

திரைச் சட்டம் எனக்கும் தெரியும். அடிவாரத்தில் கூத்து பார்த்து வளர்ந்தவன்தான். சட்டத்தை மீறச் சொல்லவில்லை. இரண்டு வழி தோன்றுகிறது. ஒன்று, பூங்காவனம் திரைக்குப் பின்னால் வாய் திறக்காமல் நிற்கட்டும். அவள் யார் என்பதைப் பின்பாட்டுக்காரர்கள் பாடட்டும். இரண்டு, அவளுக்குத் திரையை இறக்கவே வேண்டாம். ஆட்டம் முழுக்கத் திரைக்குப் பின்னாலேயே இருக்கட்டும். பாதமும் கையும் தெரிந்தால் போதும். உங்கள் பாதங்களைப் பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன், அது போதும்.

பூசாத சுவர் பற்றி நீங்கள் எழுதியதை மறுக்கவில்லை. ஆனால் வாசகி ஒருவர் தானாக ஒரு முடிவுக்கு வருவது வேறு. கதாபாத்திரம் தன் வாயால் அதைச் சொல்வது வேறு. சொன்னபிறகு யாரும் எதையும் நினைக்க இடமில்லை.

இரண்டில் எது முடியும் என்று எழுதுங்கள்.

தேவராஜ்


ஆலங்கொல்லை
6 மார்ச் 2025

தேவராஜ் சாருக்கு,

இரண்டையும் செய்து பார்த்தோம்.

ஞாயிற்றுக்கிழமை மாலை கோயில் திடலில் பெண்கள் புளி உடைத்துக்கொண்டிருந்தார்கள். அங்கேயே ஒத்திகை வைத்தோம். முதலில் உங்கள் முதல் வழி. நான் திரைக்குப் பின்னால் வாய்மூடி நின்றேன், பின்பாட்டு ஆரம்பித்தது. இரண்டாவது அடி முடிவதற்குள் அம்மாக்கண்ணு அக்கா புளிக்கொட்டையைக் கீழே போட்டுவிட்டு எழுந்து கன்னத்தில் போட்டுக்கொண்டார். அவரைப் பார்த்து மற்றவர்களும் எழுந்துவிட்டார்கள். எங்கள் பக்கம் சாமி வேஷத்துக்கு மட்டும்தான் ஆள் பேசாமல் நிற்க, பின்பாட்டுக்காரர்கள் பாடித் திரை இறக்குவார்கள். திரை இறங்கினால் கையில் சாணிக் கூடையோடு நான். "நீயாடி? சூடம் ஏத்தப் பாத்தனே" என்றார் அக்கா. ஒரு பெண்ணைப் பேசவிடாமல் நிறுத்தினால் சாமியாகிவிடுகிறாள். ஜீப்புக்குப் பின்னால் ஓடுவதைவிட இது மேல் என்று எனக்குத் தோன்றவில்லை.

பிறகு இரண்டாவது வழி. திரை பிடிக்கும் இரண்டு பேருக்கும் அரைமணி நேரத்தில் கை கடுத்துப்போயிற்று. திரை தொங்கத் தொங்க, நான் குனிந்து குனிந்து ஒளிந்துகொண்டேன். "யார் வூட்டுப் பொடவய காய வெச்சிக்கினு கீறீங்க?" என்று அம்மாக்கண்ணு அக்கா கேட்டதோடு ஒத்திகை முடிந்தது.

சிரிப்பாக எழுதுகிறேன், ஆனால் எனக்குச் சிரிப்பு வரவில்லை. நீங்கள் சொன்ன இரண்டு வழியும் என் வாயை அடைப்பதற்கான வழிகள். உங்கள் புத்தகத்தில் சம்பத்து பேசுகிறான், மேஸ்திரி பேசுகிறார், டீக்கடைக்காரர் பேசுகிறார். ஊரில் பேசாதவள் எங்கள் பெண் ஒருத்திதான். இதைப் படித்த வயதில் எனக்கு அது அழகாகத் தெரிந்தது. இப்போது திரைக்குப் பின்னால் நின்று பார்க்கும்போது வேறு மாதிரி தெரிகிறது. மலைக்காரிக்கு வாய் இல்லை என்று நினைத்தீர்களா சார்? சுவர் பூசாமல் விடுவது இங்கே என்ன அர்த்தம் என்று தெரிந்துதான் எழுதினீர்களா, இல்லை அழகுக்காகப் போட்டீர்களா? எதுவானாலும் எனக்குச் சொல்லிவிடுங்கள்.

வாத்தியார் கெடு வைத்துவிட்டார். திருவிழாவுக்கு முந்திய செவ்வாய்க்கிழமைக்குள் உங்கள் கையெழுத்துப் போட்ட கடிதம் வராவிட்டால் பழைய ஆட்டம்தான். ரங்கசாமி அண்ணன் சேலை எடுத்துவைத்துவிட்டார்.

அன்பரசி


ஒடுகத்தூர்
13 மார்ச் 2025

அன்பரசிக்கு,

கேட்டதற்குப் பதில் சொல்கிறேன். இதை இதுவரை எங்கும் எழுதியதில்லை. மறைத்ததில்லை, யாரும் இப்படிக் கேட்டதில்லை.

1979இல், வேலைக்குச் சேர்ந்த இரண்டாம் வருஷம், மலேரியா மருந்தடிப்பு எப்படி நடக்கிறது என்று எழுத என்னை மலைக்கு அனுப்பினார்கள். அப்போது உங்கள் பக்கம் பாதை பாதிவரைதான். மீதி நடை. வழிகாட்டியாக வந்தவர் உங்கள் ஊர்ப் பக்கத்துக்காரர். ஒரு திருவிழாவுக்கு மறுநாள் போய்ச் சேர்ந்தோம். தெரு முழுக்கப் புதுச் செம்மண். ஒரே ஒரு வீட்டில் வாசலுக்கு வலதுபக்கம் ஒரு கை அகலம் மட்டும் பூசாமல் இருந்தது. அதில் மருந்தடித்த தேதி. அழகான எழுத்து. பூசாமல் விடுவதற்கு மலையில் என்ன அர்த்தம் என்பதை வழிகாட்டி அங்கேயே, அந்தச் சுவருக்கு முன்னால் நின்று சொன்னார். மருந்தடித்த சுவரை மூன்று மாதம் பூசக்கூடாது என்று அரசு உத்தரவு இருந்ததும் எனக்குத் தெரியும். அந்த உத்தரவைத் தெருவில் வேறு யாரும் மதிக்கவில்லை என்பது கண்ணுக்கு முன்னால் தெரிந்தது.

அந்த வீட்டுப் பெண் வாசலில் சாமை புடைத்துக்கொண்டிருந்தார். இந்த இடத்தை மட்டும் ஏன் பூசவில்லை என்று கேட்டேன். முறத்திலிருந்து தலை நிமிரவில்லை. மறுபடி கேட்டேன். கல்லைப் பொறுக்கிப் போட்டார். மூன்றாவது முறை, வழிகாட்டி மலைப் பேச்சிலேயே கேட்டார். அந்தப் பெண் சுவரை ஒருமுறை பார்த்தார். என்னைப் பார்த்தார். முறத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

நடந்தது அவ்வளவுதான். அவர் பெயர் எனக்குத் தெரியாது. மருந்தடித்தவர் யார் என்றும் தெரியாது. சம்பத்து நானாகக் கற்பனை செய்தவன். மேஸ்திரியும் டீக்கடையும் கற்பனை. அவர்கள் என்ன பேச வேண்டுமோ அதைப் பேசவைத்தேன். அந்தப் பெண் கற்பனை இல்லை. நான் கேட்டேன், அவர் பதில் சொல்லவில்லை. எங்கள் தொழிலில் ஒருவர் பதில் சொல்லாவிட்டால், பதில் சொல்லவில்லை என்று எழுதுவோம். அவர் சார்பில் நாமே ஒரு பதிலை எழுதக்கூடாது. காரணம் ஊருக்கே தெரிந்திருந்தாலும் எழுதக்கூடாது. நாவல் எழுதியபோதும் என்னால் அதைத் தாண்ட முடியவில்லை.

ஆகவே, அவருக்கு வாய் இல்லை என்று நான் நினைக்கவில்லை. நன்றாகப் பேசத் தெரிந்தவர் என்னிடம் பேச மறுத்தார். அந்த மறுப்பைத்தான் காப்பாற்றப் பார்க்கிறேன். 'அறிவேன்' என்ற உங்கள் பாட்டு அதைக் கலைக்கிறது. நான் சொன்ன இரண்டு வழியும் அதைக் காப்பாற்றவில்லை என்பதை உங்கள் கடிதத்தைப் படித்தபிறகு ஒத்துக்கொள்கிறேன்.

மூன்றாவது வழி என்னிடம் இல்லை.

தேவராஜ்


ஆலங்கொல்லை
24 மார்ச் 2025

அன்புள்ள தேவராஜ் சாருக்கு,

உங்கள் கடிதத்தைப் பள்ளிக்கூடத்திலேயே பிரித்துப் படித்துவிட்டேன். பிறகு இரண்டு வகுப்புக்குப் பிள்ளைகளுக்கு எழுத்துவேலை கொடுத்துவிட்டு உட்கார்ந்திருந்தேன். அந்தப் பெண் யாராக இருக்கும் என்று முதலில் யோசித்தேன். அப்புறம் அதை விட்டுவிட்டேன். உங்களிடம் சொல்லாததை நான் தேடிப்போய்க் கண்டுபிடித்தால் நன்றாக இருக்காது.

சாயங்காலம் வாத்தியாரிடம் போனேன். நீங்கள் கேட்டதும் அந்தப் பெண் பேசாததும் எல்லாவற்றையும் சொன்னேன். "மூணு தரம் கேட்டாரா?" என்றார். ஆமாம் என்றேன். "அப்போ அவரு கட்டியக்காரன்" என்றார். உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, எங்கள் ஆட்டத்தில் கேள்வி கேட்கிற வேலை கட்டியக்காரனுடையது. ராஜாவானாலும் மூன்று தரம் கேட்பான்.

அன்று இரண்டு பேரும் முடிவு செய்தது இது. திரையில் நான் பாடுவேன். சட்டம் சட்டம்தான். ஆனால் வழிப்போக்கரிடம் ஒரு பெண் சொல்லக்கூடியதை மட்டும் பாடுவேன். பேர், ஊர், அப்பன் பேர், எந்தக் கொல்லையில் என்ன போட்டிருக்கிறது. மனசைப் பற்றி ஒரு சொல் கிடையாது. புதுப் பாட்டு இப்படிப் போகிறது:

ஆலங்கொல்லை என் ஊராம் – நான்
அண்ணாமலை மகள் பேராம் பூங்காவனம்
மேலக் கொல்லையில் சாமையாம் – வரப்பு
மேட்டிலே நிற்பது எங்கள் புளியாம்...

கடைசிக் காட்சியில் திரையையே சுவராகப் பிடித்துக்கொள்கிறார்கள். நான் கையால் பூசிக்கொண்டு வருவேன், ஓரிடத்தை மட்டும் தாண்டிப் போவேன். அங்கே கட்டியக்காரர் வந்து ஏன் என்று கேட்பார். நான் பதில் சொல்ல மாட்டேன். உங்கள் முன்னால் நடந்தது அப்படியே.

நேற்று ஒத்திகை. அங்கேதான் சார் வேடிக்கை. கட்டியக்காரராக வருகிற முனிசாமி அண்ணன் ஒரு வாரமாகக் கணியம்பாடியில் மேளம் அடிக்கப் போயிருந்தார். நேராகப் பஸ்ஸிலிருந்து இறங்கி வந்து தொப்பியைப் போட்டுக்கொண்டார். மாற்றியதை அவரிடம் யாரும் சொல்லவில்லை. வாத்தியார் சொல்லியிருப்பார் என்று நான் நினைத்தேன், நான் சொல்லியிருப்பேன் என்று வாத்தியார். முன்பு அந்த இடத்தில் நான் 'அறிவேன்' பாட்டை மறுபடி பாடுவது வழக்கம். முனிசாமி அண்ணன் கேட்டார். நான் பூசிக்கொண்டே இருந்தேன். கொஞ்சம் சத்தமாகக் கேட்டார். நான் திரும்பவில்லை. என் காதுக்குப் பக்கத்தில் வந்து, "பாட்டு மறந்துட்டியாம்மா? 'அறிவேன்'னு எடு" என்றார். மூன்றாவது முறை திடலே அதிரக் கேட்டார். நான் கையை மண்ணில் நனைப்பதுபோல் குனிந்தேன்.

ஆடுகிறவர் அடியை மறந்துபோனால் காப்பாற்றுவது கட்டியக்காரர் பொறுப்பு. சபையில் யாரையாவது வம்புக்கு இழுத்து, ஆள் ஞாபகப்படுத்திக்கொள்ள நேரம் வாங்கிக் கொடுப்பார். முனிசாமி அண்ணன் அதைச் செய்தார். புளி உடைத்துக்கொண்டிருந்தவர்கள் பக்கம் திரும்பினார்.

"ஏம்மா அம்மாக்கண்ணு, இவளுக்கு வாய் அடச்சிப் போச்சி. நீயாச்சும் சொல்லு. ஏன் இந்த எடத்த மட்டும் பூசல?"

அக்கா யோசிக்கவே இல்லை. "மருந்துக்காரன் பூசாதன்னு சொன்னான், பூசல. சர்க்கார் பேச்ச கேட்டா தப்பா?"

"அப்ப சுவரு மொத்தமும் இல்ல வுட்டிருக்கணும்?" என்று பின்னாலிருந்து யாரோ கேட்டார்கள். "தேதி எழுதின எடத்த மட்டும் வுடச் சொல்லி எந்தச் சர்க்கார் சொல்லிச்சி?"

அதோடு பிடித்துக்கொண்டது. அவளுக்குத் தெரியும் என்று பாதிப் பேர். இல்லை, எழுத்து அழகாக இருந்தது, அழிக்க மனசு வரவில்லை, எழுதினவனைப் பற்றி அவளுக்கு ஒன்றுமில்லை என்று சிலர். கல்லூரியில் படிக்கும் பிரியதர்ஷினி எழுந்து நின்றுகொண்டு, "அவன் இனிமே வரமாட்டான்னு தெரிஞ்சப்புறந்தான் வுட்டு வெச்சா. வர்றவனா இருந்தா பூசியிருப்பா" என்றாள். அம்மாக்கண்ணு அக்கா அவளை மேலும் கீழும் பார்த்து, "உன் சுவத்துல எவன்டி எழுதினான்?" என்று கேட்டார். அந்தச் சிரிப்பு அடங்க நேரமாயிற்று. ரங்கசாமி அண்ணன் சும்மா இருந்திருக்கலாம். அன்றைக்கு அவளுக்குக் கைவலியாக இருந்திருக்கும் என்றார். புளி ஓடு அவர் மேல் மழையாக விழுந்தது.

இவ்வளவுக்கும் நடுவில் நான் அவர்களுக்கு முதுகு காட்டிக்கொண்டு நின்றேன் சார். என்னைப் பற்றித்தான் பேசுகிறார்கள். ஒருவரும் என்னைக் கேட்கவில்லை. கேட்டாலும் சொல்ல மாட்டேன் என்று அவர்களுக்குத் தெரிந்துவிட்டது. அப்போது என் வாயை யாரோ அடைத்ததுபோல் எனக்கு இல்லை. அந்தத் திடலிலேயே பெரிய ஆள் நான்தான் என்பதுபோல் இருந்தது.

முனிசாமி அண்ணனுக்கு விஷயம் தெரிந்ததும் எங்கள் மேல் கோபம். "சொல்லியிருந்தா சும்மா வுட்டிருப்பனே" என்றார். வாத்தியார்தான், "நல்லவேள சொல்லல. இதுவே இருக்கட்டும். ஊரு பேசட்டும், அவ பேச வேணாம்" என்றார்.

இதற்கு நீங்கள் சம்மதிப்பீர்களா?

அன்பரசி


ஒடுகத்தூர்
29 மார்ச் 2025

அன்பரசிக்கு,

முடிவெடுக்கும் முன் மூன்று விஷயம் தெளிவாக வேண்டும்.

ஊர் பேசும்போது உங்கள் முகம் யாருக்காவது தெரிந்ததா? தலையசைப்போ சிரிப்போ ஏதாவது உண்டா? பூங்காவனம் ஒரு கட்சிக்குச் சாய்ந்தாலும் அது பதில்தான்.

அந்தச் சச்சரவை முடித்துவைத்தது யார், எப்படி?

பிரியதர்ஷினி சொன்னதாக எழுதியிருப்பது அவருடைய சொற்களா, நீங்கள் செப்பம் செய்ததா? அப்படி ஒரு விளக்கத்தை நாற்பத்திரண்டு வருஷத்தில் எனக்கு யாரும் எழுதியதில்லை.

தேவராஜ்


ஆலங்கொல்லை
2 ஏப்ரல் 2025

தேவராஜ் சாருக்கு,

முகம் தெரியவில்லை. முதுகுதான். சிரிப்பு வந்தது, உதட்டைக் கடித்துக்கொண்டேன்.

முடித்தது முகவீணை. வாத்தியார் கண்காட்டியதும் ஊத ஆரம்பித்தார்கள். பேச்சு தானாக அடங்கிற்று. நான் கூடையை எடுத்துக்கொண்டு திரைக்குப் பின்னால் போனேன். அந்தக் கேள்வியை யாரும் தீர்த்துவைக்கவில்லை. வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் பேசிக்கொண்டே போனார்கள். ரமேஷ் வீட்டுக்கு வந்தும் கேட்டார், "நெசமா, அவளுக்குத் தெரியுமா?" என்று. சம்பத்தாக ஆடுகிறவருக்கே தெரியாமல் இருப்பது நல்லது என்று விட்டுவிட்டேன்.

பிரியதர்ஷினி சொன்னது அவள் சொன்னதுதான். நான் ஒரு எழுத்து மாற்றவில்லை. வேண்டுமானால் நேரில் கேட்டுக்கொள்ளுங்கள், பேச அஞ்சாதவள்.

ஒன்று சொல்லிவிட வேண்டும். நீங்கள் வருவதாக இருந்தால் முன்வரிசையில்தான் பாய் போடுவோம், காதுக்காக. முனிசாமி அண்ணனுக்கு முன்வரிசை என்றால் விருந்து. அம்மாக்கண்ணு அக்காவை விட்டுவிட்டு உங்களைத்தான் பிடிப்பார். எழுதினவர் என்று ஊருக்கே தெரியும். நான் சொன்னால் கேட்க மாட்டார். சம்மதமென்றால் மட்டும் வாருங்கள்.

செவ்வாய்க்கிழமை கெடு.

அன்பரசி


ஒடுகத்தூர்
5 ஏப்ரல் 2025

அன்புள்ள அன்பரசிக்கு,

'சுவர்த் தேதி'யைக் கூத்தாக ஆட அனுமதிக் கடிதம் இன்று காலை பதிவுத் தபாலில் சேர்க்கப்பட்டது. ரசீது என்னிடம் இருக்கிறது. செவ்வாய்க்குள் மலை ஏறும் என்று அஞ்சலக ஊழியர் உறுதி சொல்லவில்லை. ஆகவே கையொப்பமிட்ட இன்னொரு படியைப் பாண்டுரங்கனிடம் கொடுத்திருக்கிறேன். திங்கட்கிழமை மதிய வண்டியில் அவரே கொண்டுவந்து கோபால்சாமி வாத்தியார் கையில் தருவார். ரங்கசாமி அவர்கள் சேலையை மடித்து வைத்துவிடலாம்.

நிபந்தனை ஒன்றுதான்: பூங்காவனம் பதில் சொல்லக்கூடாது. அதை உங்களுக்கு எழுத வேண்டிய அவசியமில்லை. கடிதம் முறையாக இருக்க வேண்டும் என்பதற்காகச் சேர்த்தேன். 'அறிவேன்' பாட்டு உங்களுடையது. வேறொரு கதைக்கு வைத்துக்கொள்ளுங்கள். வீணாகக்கூடாத பாட்டு.

வானொலி நாடகத்தைவிடச் சிறப்பாக யாரும் செய்ய முடியாது என்று முதல் கடிதத்தில் எழுதியிருந்தேன். அதைத் திருத்திக்கொள்கிறேன். அந்த அம்மையார் மௌனத்தைக் காதில் கேட்கவைத்தார். நீங்கள் அதன் நடுவில் ஒரு ஊரையே உட்காரவைத்திருக்கிறீர்கள். நான் அன்று அந்தத் தெருவில் தனியாகக் கேட்டுவிட்டு, தனியாகத் திரும்பினேன். அந்த மலைப் பெண்ணோடு தெருவில் இருந்தவர்கள் என்ன நினைத்தார்கள் என்பதற்கு என் புத்தகத்தில் இடமில்லை. உங்கள் ஆட்டத்தில் இருக்கிறது. புத்தகத்தைவிட ஆட்டம் பெரியதா என்று என்னைக் கேட்காதீர்கள். பார்த்துவிட்டுச் சொல்கிறேன்.

சனிக்கிழமை வருகிறேன். இரண்டு பேருந்து மாறி, இருட்டுவதற்குள் வந்துவிடலாம் என்கிறார் பாண்டுரங்கன். முன்வரிசையில் பாய் போடுங்கள். முனிசாமி அவர்களைத் தடுக்க வேண்டாம்.

அவளுக்குத் தெரியுமா என்று வாசகர்கள் எழுதிக் கேட்டபோதெல்லாம், கதையில் இருப்பதற்கு மேல் எனக்குத் தெரியாது என்று பதில் போட்டிருக்கிறேன். அது கடிதத்தில் செல்லும். பாயில் உட்கார்ந்திருப்பவனிடம் கட்டியக்காரர் குனிந்து கேட்டால் செல்லுமா என்று தெரியவில்லை. பேசாமல் எழுந்து போகவும் முடியாது. அது அந்தச் சுவர் வீட்டுப் பெண் ஒருவருக்கே உரியது.

மற்றபடி எல்லாம் முடிவாகிவிட்டது. என் பதில் ஒன்றுதான் பாக்கி. ஏப்ரல் 12 இரவு, கடைசிக் காட்சியில், முனிசாமி மூன்றாவது தரம் கேட்ட பிறகு அது தெரியவரும்.

தேவராஜ்